மருத்துவர் பதிவுக் கட்டணமும் விடுபட்ட சட்டப் பிரிவும்

எம்.பி.பி.எஸ். இறுதித் தேர்வில் தேறிவிட்டால் டாக்டர் ஆகிவிட்டதாகத்தான் ஊரில் எல்லோரும் நினைக்கிறார்கள். முடிவு வந்த அன்றைக்கே தெருமுனையில் டிஜிட்டல் பேனர் ஏறிவிடுகிறது. சட்டம் அப்படி நினைப்பதில்லை. மாநில மருத்துவக் கவுன்சிலின் பதிவேட்டில் பெயர் ஏறி, பதிவு எண் கைக்கு வந்தால்தான் ஒருவர் மருந்துச் சீட்டில் கையெழுத்துப் போட முடியும். பதிவு இல்லாமல் மருத்துவம் பார்த்தால் 2019-ஆம் ஆண்டின் தேசிய மருத்துவ ஆணையச் சட்டம், 34-ஆவது பிரிவின்படி ஓராண்டு வரை சிறை, அல்லது 5 லட்சம் ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும் உண்டு.

போலி மருத்துவர்களிடமிருந்து மக்களைக் காக்க இப்படி ஒரு சட்டம் தேவைதான். போலி மருத்துவரிடம் ஊசி போட்டுக்கொண்டு உயிரை விடுபவர்களில் பெரும்பகுதி ஏழைகள். ஆகவே பதிவு வேண்டாம் என்று நாம் சொல்லவில்லை. அந்தப் பதிவுக்கு விலை வைத்திருக்கிறார்களே, அந்த விலை யார் கையைக் கடிக்கிறது என்பதுதான் நம் கேள்வி.

எந்த இடத்திலெல்லாம் பணம் கட்ட வேண்டியிருக்கிறது என்று முதலில் பார்ப்போம். இறுதித் தேர்வு முடிந்ததும் மருத்துவக் கவுன்சிலில் தற்காலிகப் பதிவு செய்ய வேண்டும். அது இருந்தால்தான் ஹவுஸ் சர்ஜன் எனப்படும் 12 மாதக் கட்டாயப் பயிற்சியில் சேரலாம். பயிற்சி முடிந்ததும் அதற்கான சான்றிதழ் வாங்க வேண்டும். மருத்துவப் பல்கலைக்கழகத்தில் பட்டச் சான்றிதழுக்கு விண்ணப்பிக்க வேண்டும். பிறகு நிரந்தரப் பதிவு. பின்னாளில் எம்.டி., எம்.எஸ். படித்தால் கூடுதல் தகுதியைப் பதிய மறுபடியும் கட்டணம். வேறு மாநிலத்துக்கு வேலைக்குப் போனாலோ வெளிநாட்டுக்கு விண்ணப்பித்தாலோ அதற்கென்று தனிச் சான்றிதழ்கள். தனித்தனியாகப் பார்த்தால் ஒவ்வொன்றும் சில நூறிலிருந்து சில ஆயிரம் ரூபாய்தான். “டாக்டருக்குப் படித்தவருக்கு இதெல்லாம் ஒரு பணமா?” என்று கேட்பவர்கள் உண்டு.

அப்படிக் கேட்பவர்கள் இந்தக் கட்டணம் எந்த மாதத்தில் வருகிறது என்று பார்ப்பதில்லை. ஹவுஸ் சர்ஜன் பயிற்சி முடிந்த அன்றோடு உதவித்தொகை நின்றுவிடுகிறது. வேலை இன்னும் கிடைக்கவில்லை. வேலை கிடைக்க வேண்டுமானால் பதிவு எண் வேண்டும். தனியார் மருத்துவமனையில் இரவுப் பணி டாக்டராகச் சேரப் போனாலும் முதல் கேள்வியே “ரெஜிஸ்டர் நம்பர் என்ன?” என்பதுதான். அதாவது, கையில் வருமானமே இல்லாத ஒன்றிரண்டு மாதங்களில்தான் வரிசையாக இந்தச் செலவுகள் வந்து விழுகின்றன. அப்பாவும் டாக்டர், மாமாவும் டாக்டர் என்ற வீட்டில் இது ஒரு செலவுக் கணக்கிலேயே வராது. நூறு நாள் வேலைக்கும் நடவுக்கும் போகும் தாயின் வீட்டில், மகளிர் குழுவில் இன்னொரு கடன், அல்லது ஏற்கெனவே அடகில் இருக்கும் தோட்டின் மேல் மறு அடகு.

இன்னொரு பக்கம் இதைவிடக் கடுமையானது. அரசு மருத்துவமனைகளுக்கு உதவி மருத்துவர்களைத் தேர்வு செய்யும் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம், அறிவிப்பில் குறிப்பிட்ட நாளுக்குள் கவுன்சிலில் நிரந்தரப் பதிவு செய்தவர்களையே ஏற்கிறது. அந்தத் தேர்வு ஆண்டுதோறும் தவறாமல் வருவதும் இல்லை. பணம் புரட்ட முடியாமலோ, ஒரு சான்றிதழ் வரத் தாமதமானதாலோ சில வாரங்கள் பிந்திவிட்டால், அரசு வேலை சில ஆண்டுகளுக்குத் தள்ளிப் போகும். சேரிப் பிள்ளைக்கு அரசு வேலை என்றால் குடும்பம் முழுவதும் கரையேறுவது. அது சில ஆயிரம் ரூபாயிலும் சில வாரங்களிலும் தொங்குகிறது.

தனியார் கல்லூரியில் படித்தவர்களுக்கு இதற்கு முன்பே ஒரு முட்டுக்கட்டை காத்திருக்கிறது. கல்விக் கட்டண பாக்கியைக் காட்டிச் சான்றிதழ்களைத் தர மறுப்பது. சான்றிதழ் என்ன விற்பனைப் பொருளா, அதைப் பிடித்து வைத்துக்கொள்ள உங்களுக்கு உரிமை இல்லை என்று சென்னை உயர் நீதிமன்றம் பல வழக்குகளில் சொல்லியாயிற்று. வழக்குப் போட முடிந்தவர்களுக்கு அந்தத் தீர்ப்பு பயன்பட்டது.

இப்போது வழக்கறிஞர்கள் பக்கம் திரும்புவோம். வழக்கறிஞராகப் பதிவு செய்ய எவ்வளவு வாங்கலாம் என்பதை வழக்கறிஞர்கள் சட்டத்தின் 24-ஆவது பிரிவே எழுதி வைத்திருக்கிறது. 1993-இல் திருத்தப்பட்ட அந்தப் பிரிவின்படி பொதுவாக 750 ரூபாய். பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் 125 ரூபாய். அவ்வளவுதான். ஆனால் மாநில பார் கவுன்சில்கள் நூலகக் கட்டணம், நிர்வாகக் கட்டணம், அடையாள அட்டைக் கட்டணம் என்று அடுக்கிக்கொண்டே போயின. ஒடிசாவில் 42,100 ரூபாய், கேரளத்தில் 20,050 ரூபாய் என்று வசூல் நடந்தது. இதை எதிர்த்த கௌரவ் குமார் வழக்கில் 2024 ஜூலை 30 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. சட்டத்தில் எழுதிய தொகைக்கு மேல் ஒரு ரூபாயும் பதிவுக்கு நிபந்தனையாக வாங்கக் கூடாது, அப்படி வாங்குவது சமத்துவத்துக்கும் தொழில் செய்யும் உரிமைக்கும் எதிரானது என்று தலைமை நீதிபதி சந்திரசூட் தலைமையிலான அமர்வு கூறியது. ஒடுக்கப்பட்ட பிரிவுகளிலிருந்து வருபவர்களை இந்தக் கட்டணங்கள் வாசலிலேயே நிறுத்துகின்றன என்பதையும் அந்தத் தீர்ப்பு வெளிப்படையாகப் பேசியது.

தீர்ப்பு வந்த நாளில் சட்டம் படித்த நம் பிள்ளைகள் மகிழ்ந்தார்கள். மருத்துவம் படித்த பிள்ளைகளுக்கு அதில் எதுவும் இல்லை. ஏனென்றால் தேசிய மருத்துவ ஆணையச் சட்டத்தில் அப்படி ஒரு பிரிவே கிடையாது. பதிவுக் கட்டணம் இவ்வளவுக்கு மேல் போகக் கூடாது என்ற உச்சவரம்பும் அதில் இல்லை, பட்டியல் சாதியினருக்கு இவ்வளவு என்ற வரியும் இல்லை. மீறினால்தானே வழக்குப் போடலாம்? மீறுவதற்கே ஒரு விதி எழுதப்படவில்லை.

இது ஏதோ யாருக்கும் தோன்றாத யோசனை அல்ல. இதே மருத்துவப் படிப்பின் மற்ற வாசல்களைப் பாருங்கள். நீட் தேர்வுக்குப் பொதுப்பிரிவினர் 1,700 ரூபாய் கட்டினால் பட்டியல் சாதி, பழங்குடி மாணவர்கள் 1,000 ரூபாய் கட்டுகிறார்கள். முதுநிலை நீட் தேர்வுக்கு 3,500-க்குப் பதில் 2,500. உதவி மருத்துவர் பணித் தேர்வுக்கு 1,000-க்குப் பதில் 500. (நீட் தேர்வே வேண்டாம் என்பது தமிழ்நாட்டின் நிலைப்பாடு. அது வேறு விவாதம்.) படிப்பில் நுழையும்போது சாதியின் சுமையை ஒப்புக்கொள்கிறார்கள். அரசு வேலைக்கு விண்ணப்பிக்கும்போதும் ஒப்புக்கொள்கிறார்கள். இடையில், தொழில் செய்யும் உரிமையைத் தரும் இடத்தில் மட்டும் அந்தச் சுமை இறங்கிவிட்டதாகக் கணக்குப் போடுகிறார்கள்.

கல்வி உதவித்தொகையும் அதற்குள் கைவிட்டுவிடுகிறது. பட்டியல் சாதி மாணவர்களுக்கான மேற்படிப்பு உதவித்தொகை 1944 முதல் நடைமுறையில் இருக்கும் திட்டம். அம்பேத்கர் வைஸ்ராய் நிர்வாகக் குழுவில் உறுப்பினராக இருந்த காலம் அது. குடும்ப ஆண்டு வருமானம் இரண்டரை லட்சம் ரூபாய்க்குள் இருந்தால் கிடைக்கிறது. ஆனால் ஹவுஸ் சர்ஜன் பயிற்சிக் காலத்தில் ஊதியம் பெறுபவர்களுக்கு அது கிடையாது என்று விதி சொல்கிறது. பயிற்சி முடிந்த பிறகோ அவர் மாணவரே அல்ல. அரசுப் பள்ளி மாணவர்களுக்கு 2020-இல் வந்த 7.5 விழுக்காடு உள் ஒதுக்கீடு நல்ல சட்டம். படிப்புக் கட்டணம் முழுவதையும் அரசே ஏற்கிறது. அந்த ஒதுக்கீட்டில் முதலில் சேர்ந்தவர்கள் படிப்பை முடித்து இந்தப் பதிவு வாசலுக்கு வரும் காலம் இது. கல்லூரி வாசல் வரை கைப்பிடித்து அழைத்துச் சென்ற அரசு, வெளியே வரும் வாசலில் கையை விட்டுவிடக் கூடாது.

பதிவு எண் வாங்கிவிட்டால் தொல்லை தீர்ந்தது என்றும் இல்லை. 2023-இல் தேசிய மருத்துவ ஆணையம் கொண்டுவந்த விதிமுறைகளின்படி மருத்துவ உரிமம் 5 ஆண்டுகளுக்குத்தான் செல்லும், பிறகு புதுப்பிக்க வேண்டும். ஐந்தாண்டில் 30 மணி நேரம் தொடர் மருத்துவக் கல்வி பெற்றிருக்க வேண்டும் என்று 2002-ஆம் ஆண்டின் மருத்துவ நெறிமுறை விதிகளே சொல்கின்றன. மருத்துவர் புதியவற்றைப் படித்துக்கொண்டே இருக்க வேண்டும் என்பது நோயாளிக்கு நல்லது. அந்தப் படிப்பு எங்கே நடக்கிறது என்று பாருங்கள். சென்னையிலோ கோவையிலோ ஒரு நட்சத்திர ஓட்டலில் மாநாடு. நுழைவுக் கட்டணம், பயணம், தங்கும் செலவு. பெரிய மருத்துவமனையில் இருப்பவருக்கு நிர்வாகம் பார்த்துக்கொள்ளும். மூத்த மருத்துவர்களோடு உறவும் பழக்கமும் உள்ளவர்களுக்கு அழைப்பு தானாக வரும். ஆரம்ப சுகாதார நிலையத்தில் தனி ஆளாக இருக்கும் டாக்டர், முதலில் விடுப்புக் கேட்டு அலைய வேண்டும். மகப்பேற்றுக்காக ஓரிரு ஆண்டு ஒதுங்கியிருந்த பெண் மருத்துவருக்கு இந்த 30 மணி நேரம் இன்னும் பாரம்.

இதற்குப் பெரிய பணம் தேவையில்லை. 2022 ஜனவரியில் அரியலூர், கள்ளக்குறிச்சி, விருதுநகர், நாகப்பட்டினம், ராமநாதபுரம், கிருஷ்ணகிரி உள்ளிட்ட இடங்களில் 11 புதிய அரசு மருத்துவக் கல்லூரிகள் திறக்கப்பட்டன. ஏறக்குறைய எல்லா மாவட்டத்திலும் இன்று ஒரு அரசு மருத்துவக் கல்லூரி இருக்கிறது. பேராசிரியர்களும் அரங்கங்களும் அங்கேயே இருக்கிறார்கள், இருக்கின்றன. மாதம் ஒரு சனிக்கிழமை இலவச வகுப்பு நடத்தி, அதற்குக் கவுன்சில் மதிப்புப் புள்ளி கொடுத்தால் முடிந்தது. அரியலூர் கல்லூரி அரங்கத்துக்கு குழுமூர் அனிதாவின் பெயர் சூட்டப்பட்டிருக்கிறது. முதல் வகுப்பை அங்கிருந்தே தொடங்கலாம்.

வெளிநாட்டில் படித்து வருபவர்கள் கதை தனியாகச் சொல்ல வேண்டியது. இங்கே தனியார் கல்லூரிக் கட்டணம் கட்ட முடியாமல், இருந்த அரைக் காணி நிலத்தை விற்றுப் பிள்ளையை ரஷ்யாவுக்கும் பிலிப்பைன்ஸுக்கும் அனுப்பிய தலித் குடும்பங்கள் நம் மாவட்டங்களில் உண்டு. உக்ரைனுக்கு அனுப்பியவர்கள் 2022 போரில் பட்ட பாட்டை ஊரே பார்த்தது. திரும்பி வந்தால் தகுதித் தேர்வு. 300-க்கு 150 எடுக்க வேண்டும். எழுதுபவர்களில் பாதிக்கு மேல் தேறுவதில்லை. ஒவ்வொரு முயற்சிக்கும் ஆயிரக்கணக்கில் கட்டணம், அதன் மேல் 18 விழுக்காடு ஜி.எஸ்.டி. இந்தத் தேர்வில் சாதி வாரியான குறைப்பு எதுவும் கிடையாது, எல்லோருக்கும் ஒரே தொகை. தேறிய பிறகு இங்கே மீண்டும் ஓராண்டு பயிற்சி. அந்தப் பயிற்சிக்கு நம் மாநிலத்தில் ஒரு காலத்தில் லட்சக்கணக்கில் வசூலித்தார்கள். எதிர்ப்பு எழுந்த பிறகு அரசு அதைப் பெருமளவு குறைத்தது. பயிற்சிக்குக் கட்டணமே வாங்கக் கூடாது என்று தேசிய மருத்துவ ஆணையமும் 2022-இல் சுற்றறிக்கை விட்டது.

இதை நாம் நினைவுபடுத்துவதற்குக் காரணம் இருக்கிறது. லட்சங்களைக் குறைக்க ஒரு ஆணை போதுமானதாக இருந்தது என்றால், ஆயிரங்களைக் குறைக்க என்ன தடை?

கவுன்சில் தரப்பில் ஒரு வாதம் வைப்பார்கள். கட்டண வருமானத்தில்தான் அலுவலகம் நடக்கிறது, சான்றிதழ் சரிபார்க்க, பதிவேட்டைப் பராமரிக்க, ஊழியருக்குச் சம்பளம் கொடுக்கப் பணம் வேண்டாமா என்று. பார் கவுன்சில்களும் உச்ச நீதிமன்றத்தில் இதையேதான் சொல்லின. நுழைவு வாசலில் கைவைக்காதீர்கள், பதிவான பிறகு நீங்கள் செய்யும் சேவைகளுக்கு முறையான கட்டணம் வைத்துக்கொள்ளுங்கள் என்பதே நீதிமன்றம் தந்த பதில். மருத்துவக் கவுன்சிலுக்கும் அது பொருந்தும். இருபது ஆண்டு தொழில் செய்து, நான்கு மாடியில் மருத்துவமனை நடத்துபவரின் புதுப்பித்தல் கட்டணமும், நேற்றுப் பயிற்சி முடித்தவரின் முதல் பதிவுக் கட்டணமும் ஒரே தராசில் ஏன் நிற்க வேண்டும்?

டெல்லிதான் இதைச் செய்ய வேண்டும் என்று கைகாட்டித் தப்பவும் முடியாது. சட்டம், மருத்துவம் போன்ற தொழில்கள் அரசமைப்பின் பொதுப் பட்டியலில் 26-ஆவது இனமாக இருக்கின்றன. மாநிலமும் சட்டம் இயற்றலாம். தமிழ்நாடு மருத்துவக் கவுன்சிலே 1914-ஆம் ஆண்டின் சென்னை மருத்துவப் பதிவுச் சட்டத்தில் பிறந்ததுதான். அந்தச் சட்டம் வந்த அதே ஆண்டில்தான் சித்த மருத்துவரான அயோத்திதாசப் பண்டிதர் மறைந்தார். ஊர் ஊராக நாடி பார்த்தவர்களும், பிரசவம் பார்த்த மருத்துவச்சிகளும் அந்தப் பதிவேட்டுக்கு வெளியேதான் நின்றார்கள். அவர்களுடைய பேரப்பிள்ளைகள் இன்று எம்.பி.பி.எஸ். முடித்து அதன் முன்னால் வந்து நிற்கிறார்கள்.

சட்டத் திருத்தத்துக்கு நாளாகும் என்றால், அதுவரை ஆதிதிராவிடர் மற்றும் பழங்குடியினர் நலத்துறை இந்தச் செலவை ஏற்கலாம். எத்தனை பேருக்கு? அரசுக் கல்லூரிகளில் ஐயாயிரத்தைச் சுற்றி எம்.பி.பி.எஸ். இடங்கள். அகில இந்திய ஒதுக்கீட்டுக்கு 15 விழுக்காடு போக, மீதியில் பட்டியல் சாதிக்கு 18, பழங்குடிக்கு 1 என்று போட்டால் எண்ணூறு பேரைச் சுற்றி வருகிறது. தனியார் கல்லூரி, வெளிநாட்டில் படித்தவர்களையும் சேர்த்தாலும் அரசுக்கு இது கணக்கில் தெரியாத தொகை. சட்டம் படித்தவர்கள் தொழில் தொடங்கத் தாட்கோ நிதியுதவி தருகிறது. அந்த வரிசையில் மருத்துவர் பதிவையும் சேர்த்து, பல்கலைக்கழகச் சான்றிதழ்க் கட்டணம், தற்காலிகப் பதிவு, நிரந்தரப் பதிவு மூன்றையும் பயிற்சி முடியும் மாதத்திலேயே வங்கிக் கணக்கில் செலுத்த வேண்டும். ஓராண்டு கழித்து வரும் உதவி, வட்டிக்காரருக்குத்தான் உதவும்.

ஆணை எழுதும்போது ஒரு சொற்றொடர் விடுபடாமல் பார்த்துக்கொள்ள வேண்டும். ‘ஆதிதிராவிடர், பழங்குடியினர்’ என்பதோடு ‘கிறித்தவ மதம் மாறிய ஆதிதிராவிடர்’ என்பதும் இருக்க வேண்டும். தமிழ்நாட்டு உதவித்தொகை ஆணைகளில் அது வழக்கமாக இருப்பதுதான். ஒன்றிய அரசின் விதியைப் பார்த்து அப்படியே நகல் எடுத்தால் அது காணாமல் போய்விடும், அதே தெருவில் அடுத்த வீட்டுப் பிள்ளை வெளியே நிற்கும்.

மாணவர்களுக்கு ஒன்று சொல்ல வேண்டும். கட்டணத்தைவிட அதிகம் செலவு வைப்பது பெயர்ப் பிழை. பத்தாம் வகுப்புச் சான்றிதழில் இனிஷியல் ஓரெழுத்தாக இருக்கும், ஆதாரில் அப்பா பெயர் முழுதாக இருக்கும், சாதிச் சான்றிதழில் வேறு மாதிரி இருக்கும். 2024-இல் தொடங்கிய தேசிய மருத்துவப் பதிவேடு ஆதாரை வைத்து நடப்பது. விண்ணப்பம் இணையவழியாகிவிட்டது உண்மைதான். ஆனால் ஓரெழுத்து பொருந்தவில்லை என்றால் அரும்பாக்கம் அலுவலகத்துக்குப் பேருந்து ஏற வேண்டி வரும், அரசிதழில் பெயர் திருத்தம் வரை போகும். கடைசி ஆண்டில் இருக்கும்போதே எல்லாவற்றிலும் பெயரை ஒன்றாக்கிக்கொள்ளுங்கள். பயிற்சி முடியும் தேதிக்குக் காத்திராமல் பட்டத்துக்கு வேண்டிய தாள்களைத் தயார் செய்யுங்கள். பதிவு கிடைத்த அன்றே, ஐந்தாண்டு கழித்து வரும் தேதியைக் குறித்து வையுங்கள். கருத்தரங்கச் சான்றிதழ்களைத் தூக்கி எறியாதீர்கள்.

சட்டமன்றத்தில் நலத்துறை மானியக் கோரிக்கை வரும்போது நம் மாவட்ட உறுப்பினர்கள் இதைப் பேச வேண்டும். அவர்களிடம் வெறும் கோரிக்கையாகக் கொடுக்காமல் கணக்காகக் கொடுப்பது நல்லது. கடந்த இரண்டு ஆண்டுகளில் பயிற்சி முடித்த பட்டியல் சாதி, பழங்குடி மருத்துவர்கள், எந்த நாளில் எதற்கு எவ்வளவு கட்டினீர்கள், அந்தப் பணத்தை எங்கே புரட்டினீர்கள் என்று ரசீது நகலோடு இந்தப் பகுதிக்கு எழுதுங்கள். பெயர் வெளியிட விருப்பமில்லை என்றால் ஊர் பெயர் மட்டும் போதும்.